செவ்வாய்க்கிழமை வாக்கு, விடிந்தால் மேயர்

நேயர்களுக்கு வணக்கம்.

2025 நவம்பர் 18, செவ்வாய்க்கிழமை. டென்மார்க்கில் உள்ளாட்சித் தேர்தல் முடிந்து வாக்குகளை எண்ணிக்கொண்டிருந்த இரவு. கனடாவிலிருந்து அண்ணன் தொலைபேசியில் அழைத்தார்.

"தம்பி, கோபன்ஹேகனில் யார் வென்றது?"

"என்ஹெட்ஸ்லிஸ்டன் கட்சிக்குத்தான் அதிக வாக்கு, அண்ணா."

"அப்படியென்றால் அவர்களுடைய ஆள்தானே மேயர்?"

"அது தெரியாது. இன்னும் பேசிக்கொண்டிருக்கிறார்கள்."

"எண்ணி முடித்த பிறகு பேசுவதற்கு என்ன இருக்கிறது? நீ போய்ப் படு, விடிந்ததும் சொல்" என்று வைத்துவிட்டார்.

அண்ணனைக் குறை சொல்ல முடியாது. நானும் இந்த நாட்டுக்கு வந்த புதிதில் இதே கேள்வியைத்தான் கேட்டேன். டென்மார்க்கில் மேயரை மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுப்பதில்லை. வாக்காளர்கள் ஊர்ச் சபைக்கு உறுப்பினர்களை அனுப்புகிறார்கள். அந்த உறுப்பினர்கள் தங்களுக்குள் ஒருவரை மேயராக்குகிறார்கள். சட்டப்படி அந்தத் தெரிவு டிசம்பர் முதல் பாதியில் நடக்கும் கூட்டத்தில் நடக்க வேண்டும். உண்மையில் பேரம் தேர்தல் இரவிலேயே தொடங்கிவிடும். நகரசபைக் கட்டடத்தின் ஏதோ ஓர் அறையில் கட்சித் தலைவர்கள் உட்கார்ந்து ஒரு தாளில் கையெழுத்துப் போட்டுவிட்டால், டிசம்பர் கூட்டம் வெறும் சடங்கு. இந்த மாதிரி மறைவான உடன்பாட்டுக்கு டேனிஷ் மொழியில் 'ரேவகேய' என்று ஒரு சொல் இருக்கிறது. நரிப் பணியாரம் என்று நான் தமிழாக்கிக்கொள்வேன்.

கோபன்ஹேகனில் இந்தப் பணியாரம் நன்றாகவே வேகும். 2021 தேர்தலில் என்ஹெட்ஸ்லிஸ்டன் என்னும் இடதுசாரிக் கட்சி 24.6 சதவீத வாக்கு பெற்று முதலிடத்தில் நின்றது. சமூக ஜனநாயகக் கட்சிக்கு 17.2 சதவீதம்தான். ஆனாலும் மற்றக் கட்சிகள் சேர்ந்து சமூக ஜனநாயகக் கட்சியின் சோஃபி ஹேஸ்டோர்ப் ஆண்டர்சனையே தலைமை மேயர் நாற்காலியில் உட்கார வைத்தன. 1938 இல் அந்தப் பதவி உண்டான நாளிலிருந்து அது அந்தக் கட்சியின் குடும்பச் சொத்துப் போலத்தான் கைமாறி வந்தது.

அதன்பிறகு நடந்ததைக் கேளுங்கள். 2024 ஆகஸ்ட்டில் சோஃபி அரசாங்கத்தில் அமைச்சராகப் போய்விட்டார். அவர் ஏற்ற சமூக, வீடமைப்பு அமைச்சை விட்டு இறங்கியவர் பெர்னில்லே ரோசன்கிராண்ட்ஸ் டைல். இறங்கியது எதற்கு? கோபன்ஹேகனில் தலைமை மேயர் வேட்பாளராக நிற்பதற்கு. நகரசபைக்கும் அமைச்சுக்கும் நடுவே இரண்டு நாற்காலிகளை இடம் மாற்றிப் போட்டதுபோல. இடைக்காலத்தில் நகரத்தைப் பார்த்துக்கொள்ள, முன்பும் ஒருமுறை இடைக்காலமாக இருந்த லார்ஸ் வைஸ் மறுபடியும் வந்தார். வீட்டு வாடகை ஏறிக்கொண்டிருக்கும் ஊரில், சாலையில் கார் ஓட வேண்டுமா சைக்கிள் ஓட வேண்டுமா என்று சண்டை நடக்கும் ஊரில், வாக்காளர்கள் இந்த நாற்காலி ஆட்டத்தை ரசிக்கவில்லை என்பது என் எண்ணம்.

2025 இல் கோபன்ஹேகன் சமூக ஜனநாயகக் கட்சிக்குக் கொடுத்தது 12.7 சதவீதம். என்ஹெட்ஸ்லிஸ்டன் 22.1 சதவீதத்துடன் மீண்டும் முதலிடம். இரண்டாவதாக வந்த சோஷலிச மக்கள் கட்சிக்கு 17.9. அந்த இரண்டாமிடத்துக் கட்சியின் சிசே மரீ வெலிங்தான் தலைமை மேயர். முதலில் வந்த கட்சி இரண்டு தேர்தல்களிலும் பந்தியில் உட்கார்ந்தது. தலைவாழை இலை மட்டும் பக்கத்திலிருந்தவருக்குப் போனது. பெரிய கட்சி என்பதைவிட, மற்றவர்கள் சேர்ந்து வேலை செய்யச் சம்மதிக்கும் கட்சி என்பதற்குத்தான் அந்த இரவில் மதிப்பு அதிகம்.

நாடு முழுவதும் பார்த்தாலும் பிரதமர் மெட்டே ஃபிரடெரிக்சனின் சமூக ஜனநாயகக் கட்சிக்கு அது கசப்பான இரவு. 28.4 சதவீதத்திலிருந்து 23.2 ஆக இறங்கியது. 98 கொமூன்களில் 44 மேயர்களை வைத்திருந்த கட்சிக்கு 26 பேர்தான் மிஞ்சினார்கள். மேயர் எண்ணிக்கையில் வென்ஸ்திர கட்சி முந்திக்கொண்டது. வென்ஸ்திர என்றால் 'இடது' என்று பொருள், கட்சியோ வலதுசாரி. பத்தொன்பதாம் நூற்றாண்டில் வைத்த பெயரை அவர்கள் மாற்றவில்லை, நாம்தான் பழகிக்கொள்ள வேண்டியிருக்கிறது.

கொமூன் என்று சொன்னேன். உள்ளாட்சிதானே என்று அலட்சியமாக நினைத்துவிடாதீர்கள். குழந்தைக் காப்பகம், பள்ளிக்கூடம், முதியோருக்கு வீட்டுக்கு வந்து குளிக்க வார்க்கும் ஆள், நூலகம், குப்பை, புதிதாக வந்தவருக்கு டேனிஷ் வகுப்பு எல்லாம் அதன் பொறுப்பு. வருமானத்தில் நூற்றுக்கு ஏறத்தாழ 25 குரோனர் கொமூன் வரியாகவே போகிறது. நாடாளுமன்றத்துக்கு யார் போகிறார் என்பதைவிட, எங்கள் அம்மாவைக் குளிப்பாட்ட வாரத்துக்கு எத்தனை தடவை ஆள் வரும் என்பதைத் தீர்மானிப்பது யார் என்பதுதான் எங்கள் வீட்டில் பேச்சாக இருந்தது.

இந்தத் தேர்தலில் தமிழர்களுக்கு ஒரு பழைய கணக்கும் இருக்கிறது. டேனிஷ் குடியுரிமை இல்லாதவர்களும், குறிப்பிட்ட காலம் இங்கே வாழ்ந்திருந்தால் கொமூனுக்கு வாக்களிக்கலாம் என்ற உரிமை 1981 இல் வந்தது. அப்போது மூன்று ஆண்டு, இப்போது நான்காக்கியிருக்கிறார்கள். எண்பதுகளின் நடுவில் அகதிகளாக வந்து யூலண்ட் பகுதியின் சிற்றூர்களில் குடியேறிய தமிழர்கள் 1989 நவம்பரில் முதன்முறையாக வாக்குச்சீட்டைக் கையில் பிடித்தார்கள். அதற்கு இரண்டு ஆண்டு முன்பு, 1987 இல், நீதி அமைச்சர் எரிக் நின் ஹான்சன் தமிழ் அகதிகள் மனைவி மக்களை அழைத்துக்கொள்ளும் விண்ணப்பங்களைச் சட்டத்துக்கு மாறாகக் கிடப்பில் போட வைத்திருந்தார். அந்த விவகாரத்தில்தான் 1993 ஜனவரியில் பிரதமர் போல் ஸ்லூட்டர் பதவி விலகினார். குடும்பத்துக்காகக் காத்திருந்த மனிதர்களுக்கு, ஊர்ச் சபைக்கு வாக்களிக்கும் உரிமை மட்டும் கையில் இருந்தது. அவர்கள் அன்று வரிசையில் நின்றபோது என்ன நினைத்தார்கள் என்று நான் பலமுறை கேட்டிருக்கிறேன். "பென்சிலைத்தான் நினைத்தேன்" என்றார் ஒரு பெரியவர். "இவ்வளவு பெரிய காரியத்துக்குப் பென்சிலா என்று."

இன்றும் பென்சில்தான். கட்சிக்கோ, கட்சிப் பட்டியலில் பிடித்த ஒரு பெயருக்கோ, ஒரு பெருக்கல் குறி. பட்டியல் நீளமாக இருப்பதால் பெரிய ஊர்களில் வாக்குச்சீட்டை மறைப்புக்குள் விரித்து வைப்பதே ஒரு வேலை.

விளம்பரத் தட்டிகளுக்கும் விதி உண்டு. தேர்தலுக்கு முந்திய நான்காவது சனிக்கிழமை நண்பகல் பன்னிரண்டிலிருந்துதான் விளக்குக் கம்பங்களில் கட்டலாம். தேர்தல் முடிந்து எட்டு நாளுக்குள் கழற்றிவிட வேண்டும். எங்கள் தெருமுனைக் கம்பத்தில் தோற்றுப்போன ஒருவர் ஏழாம் நாளும் சிரித்துக்கொண்டிருந்தார். எட்டாம் நாள் மாலை, சைக்கிளில் ஏணியைச் சாய்த்துக் கட்டிக்கொண்டு அவரே வந்தார். ஏறித் தன் முகத்தைக் கழற்றி அக்குளில் இடுக்கிக்கொண்டு, என்னைப் பார்த்துத் தலையசைத்துவிட்டு அடுத்த கம்பத்துக்குப் போனார்.

வணக்கம்.