கல்லறையில் 41 என்று இருக்கிறது

நண்பர்களே, வணக்கம்.

பெல்ஜியத்தில் பொப்பரிங்க ஊருக்குப் பக்கத்தில் நைன் எல்ம்ஸ் என்ற ராணுவக் கல்லறைத் தோட்டம் இருக்கிறது. அங்கே நியூசிலாந்து ரக்பி அணியின் தலைவராக இருந்த டேவ் கல்லஹருடைய கல்லில் வயது 41 என்று பொறித்திருக்கிறார்கள். அது தவறு. 1917 அக்டோபர் 4 அன்று அவர் இறந்தபோது 43 வயது முடிந்து, 44 பிறக்க 26 நாள்தான் பாக்கி. அந்த வயதுக்காரரை முதல் உலகப் போருக்கு வா என்று யாரும் கட்டாயப்படுத்தவில்லை. அவராகவே போய்ப் பெயர் கொடுத்தார்.

அயர்லாந்தின் ராமெல்டனில் பிறந்து, நான்கு வயதில் குடும்பத்தோடு நியூசிலாந்துக்குக் கப்பலேறியவர். அம்மா ஆசிரியை. அவர் நோயில் விழுந்ததும், பையன் 13 வயதிலேயே படிப்பை விட்டு வேலைக்குப் போனான். அப்புறம் ஆக்லாந்து, ரக்பி, நடுவில் தென்னாப்பிரிக்காவில், டச்சு வழிக் குடியேறிகளோடு பிரிட்டன் நடத்திய போயர் போர்.

1905-இல் ஆல் பிளாக்ஸ் என்கிற நியூசிலாந்து தேசிய ரக்பி அணிக்குத் தலைவராக பிரிட்டனுக்குப் போனார். தெற்கு மாகாணத்து ஆட்டக்காரர்கள் சிலருக்கு அவர் தலைவரானது பிடிக்கவில்லை. கப்பலிலேயே முணுமுணுப்பு. அவர் பதவியைப் பிடித்துக்கொண்டு நிற்கவில்லை, விலகுகிறேன் என்றார். வாக்கெடுப்பு நடந்தது, அணி அவரையே வைத்துக்கொண்டது. அவருடைய குணம் எனக்குப் புரிந்தது இந்த இடத்தில்தான்.

அந்தப் பயணத்தில் 35 ஆட்டங்கள், 34 வெற்றி. கார்டிஃபில் வேல்ஸிடம் மட்டும் 0-3 என்று தோற்றார்கள். இவ்வளவு ஜெயித்த தலைவரை பிரிட்டிஷ் பத்திரிகைகள் ஏமாற்றுக்காரர் என்று எழுதின. இரு அணி ஆட்டக்காரர்களும் குனிந்து கோத்து முட்டித் தள்ளும் ஸ்க்ரம்முக்குள் பந்தை உருட்டிவிட்டு ஓரமாகவே நிற்பார். அதனால் பந்தை எடுக்க வரும் அவர் அணி ஆளை எதிரணி எளிதில் நெருங்க முடியாது. விங் ஃபார்வர்ட் என்ற அந்த இடம் நியூசிலாந்து ஆட்டத்தில் வழக்கமானது. பழி மட்டும் அவர் ஒருவர் தலையில் விழுந்தது.

தம்பி டக்ளஸ் 1916 ஜூனில் பிரான்ஸில் கொல்லப்பட்டார். அதற்குப் பழிதீர்க்கத்தான் அண்ணன் போனார் என்று இன்றும் சொல்கிறார்கள். சரி, தேதியைப் பாருங்கள்: அவர் பெயர் கொடுத்தது மே மாதம், தம்பி இறப்பதற்கு முன்பு. வீட்டில் மனைவியும் ஒரு சின்ன மகளும் இருந்தார்கள். கோபத்தில் போனவர் இல்லை, யோசித்துப் போனவர். எனக்கு அதுதான் அதிகம் வலிக்கிறது.

பெல்ஜியத்தில் பாஷன்டேல் ஊரை நோக்கிய தாக்குதலில், கிராவென்ஸ்டாஃபெல் மேட்டருகே குண்டுச் சிதறல் பட்டது. அன்றே, ஆஸ்திரேலியர்களின் காயச் சிகிச்சை முகாமில் உயிர் போனது. அடுத்த ஆண்டு இன்னொரு சகோதரர் ஹென்றியும் போரில் இறந்தார்.

அந்தக் கல்லில் நியூசிலாந்தின் அடையாளமான வெள்ளிப் பெரணி இலை செதுக்கியிருக்கிறது. ஐரோப்பாவுக்கு ஆடப்போகும் ஆல் பிளாக்ஸ் அணிகள் அங்கே போய் நின்றுவிட்டு வருகிறார்கள்.