யாருக்கும் ஒப்பந்தமாகாத நடிகர்

அவையோருக்கு வணக்கம்.

பழைய ஜப்பானிய சினிமா என்றதும் நம் வாயில் முதலில் வருவது தோஷிரோ மிஃபுனேயின் பெயர். வரவேண்டிய பெயர்தான். ஆனால் அந்த மிஃபுனேவுக்கு எதிரில் வாளோடு நின்ற ஒருவரைப் பற்றி இன்று பேச ஆசைப்படுகிறேன். அவர் டட்சுயா நகடாய். 2025 நவம்பரில் தமது 92ஆம் வயதில் காலமானார்.

1962ஆம் ஆண்டை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். இயக்குநர் குரோசவாவின் 'சஞ்ஜுரோ'வில் அவர் வில்லன். கடைசிக் காட்சியில் மிஃபுனேயும் அவரும் ஓர் அடி கூட நகராமல் எதிரெதிரே நிற்கிறார்கள். பிறகு ஒரே வீச்சு, எல்லாம் முடிந்துவிடுகிறது. அதே ஆண்டு வந்த கோபயாஷியின் 'ஹராகிரி'யில் அவர் மகளையும் மருமகனையும் பேரக் குழந்தையையும் பறிகொடுத்த முதிய சாமுராய். அப்போது அவருக்கு வயது 29! மருமகனாக நடித்த அகிரா இஷிஹாமா அவரைவிட இரண்டு வயதுதான் இளையவர்.

தாடி ஒட்டிக்கொண்டால் முதுமை வந்துவிடாது. அந்தப் படத்தில், வயிற்றைக் கிழித்துச் சாக இடம் கேட்டு வந்தவராக, நெடுநேரம் அவர் ஒரு பிரபுவின் மாளிகை முற்றத்தில், விரிப்பின்மீது அமர்ந்து தன் கதையைச் சொல்கிறார். உடல் அசைவதில்லை. குரல் அடித்தொண்டையிலிருந்து நிதானமாக, சோர்வோடு வருகிறது. கேட்கக் கேட்க, இந்த மனிதன் இங்கே சாக வரவில்லை, கணக்குத் தீர்க்க வந்திருக்கிறான் என்பது நமக்கு உறைக்கிறது. தன் மருமகனை வதைத்த மூவரின் குடுமிகளை எடுத்து அவர் முற்றத்தில் வீசும்போதும் அந்தக் குரல் உயர்வதில்லை. நடிப்புப் பயில விரும்பும் இளைஞர்கள் அந்த முற்றத்துக் காட்சியைப் படத்தை அணைத்துவிட்டு ஒலியை மட்டும் கேட்டுப் பாருங்கள்.

இந்தக் குரல் நாடக மேடை தந்தது. நகடாய் ஹையுசா நாடகக் குழுவின் பள்ளியில் பயின்றவர். அந்தக் காலத்தில் ஜப்பானிய நடிகர்கள் ஏதேனும் ஒரு ஸ்டுடியோவின் ஒப்பந்தத்தில் இருப்பார்கள். இன்னொரு நிறுவனத்தின் படத்தில் நடிக்க எளிதில் அனுமதி கிடைக்காது. நகடாய் அந்த வலையில் சிக்கவில்லை. ஆண்டில் ஒரு பகுதியை மேடைக்கு ஒதுக்கினார். மீதி நாட்களில் பிடித்த இயக்குநர்களிடம் போனார். குரோசவா, கோபயாஷி, இச்சிகாவா, நருசே என்று ஒன்றோடொன்று ஒட்டாத மேதைகள் எல்லோரிடமும் ஒரே ஆள் நடிக்க முடிந்ததற்கு இதுவே காரணம் என்பது என் உறுதியான எண்ணம். மாதச் சம்பளத்தின் பாதுகாப்பை விட்டுக்கொடுத்து அவர் வாங்கிய சுதந்திரம் அது.

தொடக்கம் அவ்வளவு கௌரவமாக இல்லை. 'செவன் சாமுராய்' படத்தில் தெருவில் நடந்துபோகும் பெயரில்லாத சாமுராயாகச் சில நொடிகள் வருகிறார். அந்த நடை சரியில்லை என்று குரோசவா திரும்பத் திரும்ப நடக்கவிட்டார். காலையில் தொடங்கியது பிற்பகல்வரை நீண்டதாக அவரே பின்னாளில் சொல்லியிருக்கிறார். பிறகு கோபயாஷியின் 'தி ஹியூமன் கண்டிஷன்', மூன்று பாகங்கள், ஒன்பது மணி நேரத்துக்கும் மேல். போரை வெறுக்கும் ஒருவன் போருக்குள்ளேயே தள்ளப்பட்டு அணு அணுவாகச் சிதைவதை அந்தப் பெரிய கண்களில் பார்க்கலாம். 1961இல் குரோசவாவே 'யோஜிம்போ'வில் அவர் கையில் துப்பாக்கியைக் கொடுத்தார்.

'ரான்' படத்தில் எரியும் கோட்டையிலிருந்து பித்துப் பிடித்து இறங்கிவரும் கிழட்டுப் பிரபுவை எல்லோரும் புகழ்கிறார்கள். நான் அதற்கு ஒருபடி மேலாக 1980இல் வந்த 'கேகெமுஷா'வை வைப்பேன். முதல் காட்சியிலேயே பிரபு ஷிங்கென், அவருடைய தம்பி, சிலுவைத் தண்டனையிலிருந்து மீட்கப்பட்ட திருடன் ஆகிய மூவரும் ஒரே உடையில் அமர்ந்திருக்கிறார்கள். கேமரா அசையவே இல்லை. பிரபுவும் திருடனும் நகடாய்தான். ஒருவர் அதிகாரத்தை அணிந்துகொண்டு உட்கார்ந்திருக்கிறார். இன்னொருவனுக்கு உட்காரவே இருப்புக்கொள்ளவில்லை. பின்னர் அந்தத் திருடன் பிரபுவாக நடிக்கக் கற்றுக்கொள்கிறான். நடிப்பவனை நடிப்பது எளிதா?

1975இல் மனைவி யாசுகோ மியாசாகியுடன் 'முமெய்ஜுகு' என்ற நடிப்புப் பள்ளியைத் தொடங்கினார். 2023இல் கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் விருது பெற்ற கோஜி யாகுஷோ அங்கே உருவானவர். திரைப்பெயர்கூட ஆசிரியர் வைத்ததுதான்.

2024 புத்தாண்டு நாளில் ஜப்பானின் நோட்டோ தீபகற்பத்தை நிலநடுக்கம் உலுக்கியது. அங்குள்ள நாடக அரங்கோடு நகடாய்க்கு நெடுங்காலத் தொடர்பு உண்டு. மறு ஆண்டே அந்த அரங்கின் மேடையில் ஏறினார், 92 வயதில். ஜெர்மன் நாடகாசிரியர் பிரெக்டின் நாடகத்தில், போர்க்களங்களுக்கிடையே வண்டி இழுத்துப் பிழைக்கும் அந்தத் தாயாக.