தராசை எங்கள் பக்கம் திருப்புங்கள்

நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, இந்த மழையிலும் குளிரிலும் கோத்தகிரி மண்டபத்துக்கு வந்து உட்கார்ந்திருக்கும் பெரியவர்களே, தாய்மார்களே, எல்லோருக்கும் வணக்கம்.

அரசிலும் வணிகத்திலும் ஊழலைக் குறைக்கப் பெரிதும் உதவுவது கடும் தண்டனையா, திறந்த கணக்கா என்பது தலைப்பு. எல்லோரும் பார்க்கும்படி வைக்கும் அந்தத் திறந்த கணக்கின் பக்கம் நான் பேச வந்திருக்கிறேன். எனக்கு முன்னால் பேசிய எதிரணித் தலைவர், "பத்துப் பேரை உள்ளே தள்ளுங்கள், பதினோராவது ஆள் கை நீட்ட மாட்டான்" என்றார். அரங்கமே கைதட்டியது. அந்தக் கோபம் எனக்கும் உண்டு. ஆனால் அந்தப் பத்துப் பேரை எப்படிக் கண்டுபிடிப்பது? அதை அவர் சொல்லாமலே உட்கார்ந்துவிட்டார். என் பேச்சு அங்கிருந்துதான் ஆரம்பிக்கிறது.

என் அப்பாவுக்கு முக்கால் ஏக்கர் தேயிலை. காலையிலிருந்து பறித்த இலையைச் சாக்கில் கட்டி ரோட்டோரம் வைப்போம். சாயங்காலம் இலை எடுக்கும் ஏஜென்ட்டின் வண்டி வரும். கொக்கித் தராசில் சாக்கை மாட்டுவார்கள். முள் அவர்கள் பக்கம் பார்த்திருக்கும். "இருபத்தெட்டு" என்று ஒரு குரல். "ஈரக் கழிவு மூணு" என்று இன்னொரு குரல். சிட்டையில் இருபத்தைந்து விழும். மழை நாளில் கழிவு நியாயம்தான், இலையில் தண்ணீர் நிற்கும். ஆனால் பிப்ரவரி வெயிலிலும் அதே மூன்று கிலோ போனது. அப்பா ஒரு பழைய தராசு வாங்கினார். வீட்டிலேயே நிறுத்து, ஒரு நாற்பது பக்க நோட்டில் இடது பக்கம் வீட்டு எடை, வலது பக்கம் வண்டி எடை என்று ஒரு வருடம் முழுக்க எழுதினார். யார் மீதும் புகார் கொடுக்கவில்லை. கொடுத்தால் மறுநாள் இலையை யார் எடுப்பது? பறித்த இலையை வீட்டில் வைத்துக்கொண்டு காத்திருக்க முடியாது, கெட்டுப்போகும். தேயிலை வைத்திருக்கும் குடும்பங்களுக்கு அந்த பயம் தெரியும்.

அப்புறம் ஒருநாள் பக்கத்துத் தோட்டக்காரர்கள் பன்னிரண்டு பேர் சேர்ந்து போய் ஒன்றே ஒன்று கேட்டார்கள். நம்பர் தெரியும் எலக்ட்ரானிக் தராசு கொண்டு வாருங்கள், அந்த நம்பரை எங்கள் பக்கம் திருப்பி வையுங்கள். வந்தது. வெயில் நாள் கழிவு அந்த மாதமே நின்றது. அதே ஏஜென்ட், அதே வண்டி, அதே ஆட்கள். ஒருவரும் சிறைக்குப் போகவில்லை நடுவர் அவர்களே.

ஊழல் என்றதும் நாம் தாலுகா ஆபீஸை மட்டும் நினைக்கிறோம். வியாபாரத்தில் நடப்பதும் ஊழல்தான், அதற்கும் மருந்து இதுதான். மாதாமாதம் தேயிலை வாரியம் நீலகிரிக்கு இலை விலையை அறிவிக்கிறது. அந்தத் தொகை பேப்பரில் வந்த பிறகுதான், கையில் வாங்குவது ஏன் அதைவிடக் குறைகிறது என்று எங்களால் வாய் திறந்து கேட்கவே முடிந்தது. பெரிய கம்பெனி கதையும் வேறில்லை. 2009 ஜனவரியில் சத்யம் என்ற சாப்ட்வேர் நிறுவனத்தின் தலைவரே கடிதம் எழுதி ஒப்புக்கொண்டாரே, கணக்கில் காட்டிய பணத்தில் 5,000 கோடி ரூபாய்க்கு மேல் இல்லவே இல்லை என்று. அந்தப் பொய் வருடக்கணக்கில் தணிக்கை கையெழுத்தோடு வெளிவந்தது. வங்கி இருப்பை வங்கியிடமே நேராகக் கேட்டுச் சரிபார்த்திருந்தால் இத்தனை வருடம் தாங்கியிருக்குமா?

எதிரணியில் இரண்டாவதாகப் பேசிய தம்பி, லஞ்ச ஒழிப்புத் துறையின் பொறியைப் பற்றி அழகாகச் சொன்னார். நோட்டில் பினாப்தலின் பொடி தடவிக் கொடுக்கிறார்கள், வாங்கியவர் கையை ரசாயனத் தண்ணீரில் முக்கினால் இளஞ்சிவப்பாகிறது. நல்ல வேலை, அந்த அதிகாரிகளை நான் மதிக்கிறேன். ஆனால் அந்தப் பொறி வைக்க முதலில் ஒரு மனிதர் துணிந்து போய்ப் புகார் எழுத வேண்டும். 2018-ல் திருத்திய ஊழல் தடுப்புச் சட்டப்படி லஞ்சம் கொடுப்பவரும் குற்றவாளி, ஏழு ஆண்டு வரை சிறை உண்டு. வற்புறுத்தலால் கொடுத்திருந்தால் ஏழு நாளுக்குள் சொல்லிவிட வேண்டும். மகளின் கல்லூரிச் சேர்க்கைக்குச் சாதிச் சான்று கேட்டு நிற்கும் ஒரு தோட்டத் தொழிலாளி, சான்று கைக்கு வரும் முன்பே அந்த ஏழு நாளில் புகார் எழுதுவாரா? பெரும்பாலானவர்கள் எழுத மாட்டார்கள். அவர்களை நான் குறை சொல்ல மாட்டேன்.

சரி, நம் பக்கத்து மலைக்கு வாருங்கள். கொடைக்கானலில் விதியை மீறி ஏழு மாடியாக எழுந்த ஒரு ஹோட்டலுக்கு 1994-ல் அரசாணை போட்டு விலக்கு கொடுத்தார்கள். அதை எதிர்த்து பழனி மலைப் பாதுகாப்புக் குழு வழக்குப் போட்டது. அடுத்த ஆண்டே உயர் நீதிமன்றம் விலக்கை ரத்து செய்தது, உச்ச நீதிமன்றமும் 1995-லேயே அதை ஏற்றது. அதே விஷயத்தில் இன்னொரு பாதையும் நடந்தது, குற்ற வழக்கு. அதில் 2000 பிப்ரவரியில் தனி நீதிமன்றம் முன்னாள் முதலமைச்சருக்கு ஓராண்டு தண்டனை விதித்தது. 2001-ல் உயர் நீதிமன்றம் அவரை விடுதலை செய்தது. நீதிமன்றம் முடித்துவைத்த வழக்கு, அதற்குள் நான் போகவில்லை. நடுவர் அவர்கள் இரண்டு பாதையின் வேகத்தை மட்டும் பாருங்கள். ஆணை ஊர்க்காரர்கள் படிக்கும்படி காகிதத்தில் இருந்தது. அதைப் படித்துக் கேள்வி கேட்டவர்கள் ஏறக்குறைய ஒரு வருடத்தில் ஜெயித்தார்கள். தண்டனைப் பாதை, ஆணை வந்து ஏழு வருடம் கழித்து, தண்டனை இல்லாமல் முடிந்தது.

இனி எனக்கு மனம் கனக்கும் இடம். தடுப்புச் சுவர். சமவெளியில் ஒப்பந்தக்காரர் சிமென்ட்டைக் குறைத்தால் ரோட்டில் பள்ளம் விழும். இங்கே குறைத்தால் மேட்டு மண் கீழே இருக்கும் வீட்டின் மேல் வரும். 2009 நவம்பர் மழையை இங்கே யாரும் மறந்திருக்க மாட்டீர்கள். இந்த மாவட்டத்தில் மண் சரிந்து நாற்பதுக்கும் மேற்பட்டவர்கள் போனார்கள். அந்தச் சாவுகளுக்கு லஞ்சம்தான் காரணம் என்று நான் சொல்ல வரவில்லை, அது பேய் மழை. ஆனால் ஒரு சுவர் எத்தனை உயிரைத் தாங்குகிறது என்று அன்று நாம் பார்த்தோம். சுவர் விழுந்த பிறகு ஒப்பந்தக்காரரைச் சிறையில் போட்டு, கீழ் வீட்டில் இருந்தவருக்கு என்ன கிடைக்கும்?

அதனால் நான் கேட்பது சுவர் எழும்போதே ஒரு பலகை. எத்தனை மீட்டர் நீளம், அடித்தளம் எத்தனை அடி ஆழம், தண்ணீர் வெளியேற எத்தனை குழாய், மொத்தத் தொகை, ஒப்பந்தக்காரர் பெயர், அளந்து கையெழுத்துப் போட்ட பொறியாளர் பெயர். அடித்தளம் தோண்டிய அன்று கீழ் வீட்டு அக்கா ஒரு டேப்பை எடுத்து அளந்துவிடுவார். மண் மூடிய பிறகு எந்த விசாரணைக் குழுவாலும் அதை அவ்வளவு எளிதாக அளக்க முடியாது.

இது நடக்குமா என்கிறீர்களா? ராஜஸ்தானில் மஸ்தூர் கிசான் சக்தி சங்கடன் என்ற தொழிலாளர், விவசாயிகள் அமைப்பு 1994-லிருந்து கிராமங்களில் மக்கள் விசாரணை நடத்தியது. வேலைக்கு வந்ததாகச் சம்பளப் பட்டியலில் எழுதிய பெயர்களை ஊரைக் கூட்டி உரக்கப் படித்தார்கள். செத்தவர் பெயரும் வந்தது. அந்தப் போராட்டம்தான் வளர்ந்து 2005-ல் தகவல் அறியும் உரிமைச் சட்டமாக நாட்டுக்கே கிடைத்தது. நம் தமிழ்நாடு அதற்கு முன்பே, 1997-லேயே தனக்கென்று ஒரு சட்டம் போட்டது. உகாண்டாவில் பள்ளிகளுக்கு ஒதுக்கிய மானியத்தில் 1991 முதல் 1995 வரை சராசரியாக 13 சதவீதம்தான் பள்ளிக்கூடம் போய்ச் சேர்ந்தது. எந்த மாவட்டத்துக்கு எவ்வளவு என்று செய்தித்தாளில் போடத் தொடங்கினார்கள், பள்ளிச் சுவரில் ஒட்டினார்கள். 2001-ல் 80 சதவீதத்துக்கு மேல் போய்ச் சேர்ந்தது.

எதிரணி கேட்கும், எல்லாம் ஆன்லைனில் வந்த பிறகும் புரோக்கர் இருக்கிறாரே என்று. உண்மை. விண்ணப்ப எண் நம் போனில் இருக்கிறது, ஆனால் அது யார் மேசையில், ஏன் நிற்கிறது என்பது இன்னும் நமக்குத் தெரிவதில்லை. முள் பாதிதான் நம் பக்கம் திரும்பியிருக்கிறது. கூடலூர் தாண்டினால் கர்நாடகம். அங்கே 2011-ல் வந்த சேவை உறுதிச் சட்டத்தில் ஒவ்வொரு சேவைக்கும் கெடு உண்டு. தாமதமானால் நாளுக்கு 20 ரூபாய், அதிகபட்சம் 500 ரூபாய் விண்ணப்பித்தவருக்குத் தர வேண்டும். அபராதம் சின்னதுதான். ஆனால் யார் மேசையில் தாமதம் என்பது பதிவாகிறது, மறைக்க முடிவதில்லை.

ஒன்றை மட்டும் மூடியே வைக்க வேண்டும். நெடுஞ்சாலைப் பணியில் நடந்த முறைகேட்டைப் பிரதமர் அலுவலகத்துக்கு எழுதி, தன் பெயரை வெளியிட வேண்டாம் என்று கேட்டுக்கொண்டார் பொறியாளர் சத்யேந்திர துபே. பெயர் வெளியே போனது. 2003 நவம்பரில் கயாவில் சுட்டுக் கொன்றார்கள். கணக்கு திறந்திருக்கட்டும், சொன்னவர் பெயர் பூட்டியிருக்கட்டும். அந்தப் பூட்டை உடைப்பவருக்கு எதிரணி கேட்கும் கடும் தண்டனையைக் கொடுங்கள், நானும் சேர்ந்து கைதட்டுகிறேன்.

மணி அடித்துவிட்டீர்கள், முடித்துக்கொள்கிறேன். இது என் அப்பாவின் நோட்டு. இடது பக்கம் வீட்டு எடை, வலது பக்கம் வண்டி எடை. முப்பத்தோராம் பக்கத்திலிருந்து இரண்டும் ஒன்றாகிவிடும், அது புதுத் தராசு வந்த வாரம். உங்கள் மேசையில் வைக்கிறேன் நடுவர் அவர்களே. பார்த்துவிட்டுத் தீர்ப்பு சொல்லுங்கள். நன்றி, வணக்கம்.