மணலில் அணை கட்டிய ஆர்தர் காட்டன்

அவையோர்க்கு வணக்கம்.

ஆந்திரத்துக் கோதாவரிக் கரையில் ஆர்தர் காட்டன் என்ற ஆங்கிலேயப் பொறியாளருக்கு ஊருக்கு ஊர் சிலை உண்டு. மாலை போடுகிறார்கள், கும்பிடுகிறார்கள். அந்த மனிதர் செய்த வேலை என்ன, எது பலித்தது, எங்கே கணக்கு தப்பியது என்று பேசுவோர்தான் குறைவு. இன்று அந்தப் பக்கத்தைப் பார்ப்போம்.

பிறப்பு 1803 மே 15. பதினைந்து வயதில் அடிஸ்கோம்ப் பள்ளியில் சேர்ந்தார். கிழக்கிந்தியக் கம்பெனி தன் படைக்கு அதிகாரிகளைத் தயார் செய்த இடம் அது. 1819-ல் மதராஸ் இன்ஜினியர்ஸ் பிரிவில் இரண்டாம் லெப்டினன்ட் ஆனார், 1821-ல் சென்னை வந்து இறங்கினார். முதல் வேலைகளில் ஒன்று பாம்பன் நீர்வழியை அளப்பது. பிறகு பர்மாப் போர். திரும்பி வந்த பிறகு காவிரி அவர் கைக்கு வந்தது.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். படைப் பொறியாளனுக்குக் கோட்டை கட்டவும், கோட்டையை உடைக்கவும், பாலம் போடவும்தான் பயிற்சி. ஆண்டில் ஒன்பது மாதம் வெறும் மணலாகக் கிடந்து, மூன்று மாதம் கரை புரளும் ஆறு எதுவும் இங்கிலாந்தில் கிடையாது. எவ்வளவு தோண்டினாலும் பாறை தட்டாத மணலில் அஸ்திவாரம் போடுவது எப்படி? கல்லணையைப் பார்த்துத்தான் கற்றோம் என்று காட்டனே எழுதிவைத்தார். 1830-ல் அந்தக் கல்லணையிலேயே மணலைத் தள்ளிவிட அடிமதகுகளும் வைத்தார்.

மணலில் கட்டிய அணை இரண்டு விதமாகப் போகும். முதலாவது, மேல்பக்கம் தேங்கிய தண்ணீர் சுவருக்கு அடியில் கசிந்து கீழ்ப்பக்கம் ஊற்றாகக் கிளம்பும். தெளிந்த நீராக வந்தால் பயமில்லை. மணலைக் கலக்கிக்கொண்டு வந்தால் அடியில் குகை விழுகிறது என்று அர்த்தம், சுவர் ஒரு நாள் மடங்கி உட்காரும். இரண்டாவது, உச்சியைத் தாண்டி விழும் வெள்ளம் கீழ்ப்பக்கத்து மணலை அரித்துப் பள்ளம் பறிக்கும். அந்தப் பள்ளம் பின்னோக்கி வந்து அஸ்திவாரத்தைத் தொடும். இரண்டுக்கும் மருந்து ஒன்றுதான்: அகலமான தளம். கசிவு கடக்க வேண்டிய தூரம் கூடக்கூட அதன் வேகம் சாகும். பிளை என்ற பொறியாளர் 1910-ல் இதற்குக் கணக்கே கொடுத்தார். ஓரடி நீர்மட்ட வித்தியாசத்துக்கு, பருமணலில் 12 அடி, நுண்மணலில் 15 அடி கசிவுப் பாதை வேண்டும். ஏழடி நீரைத் தேக்கினால் 84 முதல் 105 அடி. காட்டன் காலத்தில் இந்தச் சூத்திரம் கிடையாது. பழைய அணையும் கண்ணும்தான்.

பாறை இல்லாத மணலில் அணைக்கு அஸ்திவாரமாக இறக்குவது கிணறுகளைத்தான். அந்த வேலையைக் கொஞ்சம் பக்கத்தில் போய்ப் பார்ப்போம். நீர் வற்றிய பருவத்தில் படுகையைச் சமப்படுத்தி ஒரு மரவளையத்தை வைப்பார்கள். அதன்மேல் சுண்ணாம்புக் காரையில் செங்கல் வட்டமாகச் சுவர் எழும்பும். காரை இறுகிய பிறகு ஆள் உள்ளே இறங்கி விளிம்போரமாக மணலை வாரிக் கூடையில் ஏற்றுவான். சுவர் தன் பாரத்தாலேயே கீழே இறங்கும். நாலு பக்கமும் ஒரே அளவில் வார வேண்டும். ஒரு பக்கம் அதிகம் வாரினால் கிணறு அந்தப் பக்கம் சாயும். அப்போது உயர்ந்து நிற்கும் பக்கத்தில் பாரம் ஏற்றி, அந்த விளிம்புக்கு அடியில் வாரி நேராக்க வேண்டும். வேண்டிய ஆழம் வந்ததும் உள்ளே கல்லும் காரையும் இட்டு நிரப்பி, கிணற்றுக்கும் கிணற்றுக்கும் நடுவே உள்ள இடைவெளியையும் அடைப்பார்கள். அந்த இடைவெளியை விட்டால் தண்ணீர் அதைத்தான் தேடும். கிணற்று வரிசையின் தலையில் அணைச் சுவர் ஏறும். கோதாவரியில் காட்டன் இறக்கிய கிணறுகளின் ஆழம் ஆறடி அளவுதான்! இன்றைய பொறியாளர் யாரும் கையெழுத்துப் போட மாட்டார்.

திருச்சிக்குப் பக்கத்து முக்கொம்புக்கு வருவோம். அங்கே காவிரி இரண்டாகப் பிரிகிறது. வடக்கே கொள்ளிடம் நேராகவும் சரிவாகவும் கடலுக்கு ஓடுகிறது. தெற்கே காவிரி சுற்றிப் போகிறது. சரிவு அதிகமான வழியைத்தான் தண்ணீர் விரும்பும். கொள்ளிடம் ஆழமாகிக்கொண்டே போனது, காவிரித் தலைப்பு மணல் மேடிட்டது, தஞ்சைக்கு நீர் குறைந்தது. காட்டனின் தீர்வு, கொள்ளிடத்தின் குறுக்கே மேலணை. 1836-ல் முடிந்தது. நடுவே இரண்டு திட்டுகள் பிரிக்க, மூன்று துண்டாக மொத்தம் 750 கஜம் நீளம், சுமார் ஏழடி உயரம். அதே காலத்தில் கீழே அணைக்கரையில் கீழணை எழுந்தது. வீராணம் ஏரிக்கு வடவாறு வழியாகப் போகும் தண்ணீர் அங்கிருந்துதான்.

மேலணை பலித்தது, அளவுக்கு மீறியே பலித்தது. அணைக்கு மேற்பக்கம் மணல் ஏறியது, அதைத் தள்ள வைத்த மதகுகள் போதவில்லை. இப்போது காவிரி அதிக நீரை இழுத்துத் தன் படுகையை அறுக்கத் தொடங்கியது. பத்தாண்டுக்குள் மேலணையின் நடுப்பகுதி உச்சியைத் தாழ்த்த வேண்டிவந்தது. 1845-ல் காவிரித் தலைப்பிலும் குறுக்கே ஒரு தடுப்பு கட்டினார்கள். காட்டனின் புகழ் பாடுவோர் இந்தப் பத்தாண்டைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். எனக்கோ அதுதான் அவர் வாழ்க்கையின் நல்ல பாடப்பகுதி. ஓர் ஆற்றைத் தொட்டால் இன்னொரு ஆறு நகரும்.

அந்த மேலணை பின்னாளில் ஷட்டர்கள் வைத்த கதவணையாக மாறியது. 2018 ஆகஸ்ட் 22 இரவு, தென்கிளையின் 45 மதகுக் கண்களில் ஒன்பது இடிந்து விழுந்தன. மணல் எடுத்து எடுத்துப் படுகை தாழ்ந்ததும் ஒரு காரணம் என்று அப்போது பேசப்பட்டது. படுகை தாழ்ந்தால் என்ன ஆகும் என்பதை முன்பே சொல்லிவிட்டேன்: தளத்தின் கீழ் விளிம்பு அந்தரத்தில் நிற்கும்.

இனி கோதாவரி. 1833 பஞ்சத்தில் அந்த வட்டாரம் ஆள் குறைந்து கிடந்தது. பக்கத்திலேயே இவ்வளவு பெரிய ஆறு ஓடுகிறதே என்று 1844-ல் காட்டன் அறிக்கை கொடுத்தார். 1847-ல் தவளேஸ்வரத்தில் வேலை தொடங்கி 1852-ல் முடிந்தது. தவளேஸ்வரம், ராலி, மத்தூர், விஜ்ஜேஸ்வரம் என நான்கு கிளைகள், நடுவே தீவுகள். கட்டிய நீளம் மட்டும் இரண்டே கால் மைல், உயரம் 12 அடி. கல்லுக்கு அலைய வேண்டியிருக்கவில்லை. தவளேஸ்வரத்துக் குன்றிலேயே வெட்டித் தண்டவாளத்தில் கரைக்கு இறக்கினார்கள். ஆள் திரட்டிக் கொடுத்ததில் காட்டனின் உதவியாளர் வீணம் வீரண்ணாவுக்குப் பெரும் பங்கு உண்டு.

இந்த வேலையில் எதிரி நாள்காட்டி. ஜனவரிக்கு மேல் நீர் இறங்கும், ஜூனில் வெள்ளம் வரும். அதற்குள் எழுப்பிய பகுதி வெள்ளம் தாங்கும் நிலையில் இருக்க வேண்டும். அரைகுறைச் சுவரைக் கல் கொட்டி மூடிவிட்டு விலகுவதுதான் வழி. கன்னாவரத்தில் ஆற்றுக் கிளைக்கு மேலே கால்வாயைக் கொண்டுபோக லெப்டினன்ட் ஹேக் கட்டிய தொட்டிப்பாலம் இந்த அவசரத்தின் சாட்சி: 49 வளைவுகள், ஒவ்வொன்றும் 40 அடி.

கோதாவரிக் கால்வாய்களில் படகும் போனது. அதிலிருந்து காட்டனுக்கு ஒரு பிடிவாதம் பிறந்தது. இந்தியாவுக்கு ரயில் வேண்டாம், கால்வாய் போதும் என்றார். 1861-ல் சர் பட்டம் வந்தது, ஆனால் 1870களில் நாடாளுமன்றக் குழு முன் தன் திட்டங்களுக்குப் பதில் சொல்ல வேண்டியிருந்தது. அவர் யோசனையில் பிறந்த கர்னூல்–கடப்பா கால்வாய், துங்கபத்திரையில் சுங்கேசுலாவிலிருந்து 190 மைல் வெட்டியது, தனியார் கம்பெனிப் பணத்தில் எழுந்து நட்டத்தில் விழுந்தது. 1882-ல் அரசு வாங்கிக்கொண்டது. கட்டுமானத்தைவிட வாடிக்கையாளர் கணக்கில்தான் பெரிய கோளாறு. டெல்டாவின் நெல் விவசாயிக்கு ஆண்டுதோறும் தண்ணீர் வேண்டும். கரிசலில் சோளம் போடுகிறவனோ மழை பொய்த்த ஆண்டில் மட்டும் கேட்பான், பெய்த ஆண்டில் வரி கட்டித் தண்ணீர் வாங்க மாட்டான். அகலம், ஆழம், சரிவு எல்லாவற்றையும் அளந்த பொறியாளர் இதை அளக்கவில்லை.

1899 ஜூலை 24-ல் டார்க்கிங் ஊரில், 96 வயதில் காலமானார். அவர் அணைக்குப் பதிலாகக் கோதாவரியில் எழுந்த புதிய பாரேஜ், அதாவது கதவணை, 1982 முதல் அவர் பெயரில் ஓடுகிறது. கர்னூல்–கடப்பா கால்வாயும் ஓடிக்கொண்டுதான் இருக்கிறது, இப்போது அதில் தண்ணீர் போதவில்லை என்பதே புகார்.