சண்டையே போடாமல் கட்சிக்கு ஆள் பிடித்த படம்

வணக்கம் மக்களே. போன வாரம் சொன்னேன் இல்லையா, அந்தப் படத்தை முழுசாகப் பார்த்துவிட்டேன். 'ஹிட்லர்யுங்கே க்வெக்ஸ்' ('ஹிட்லர் இளைஞன் க்வெக்ஸ்'), நாஜிக் கட்சிக்கான பிரசாரப் படம், ஜெர்மனி, 1933. ஹிட்லர் பதவியேற்று எட்டு மாதம்கூட ஆகவில்லை, அதற்குள் யூஃபா என்ற ஜெர்மன் திரைப்பட நிறுவனம் எடுத்து முடித்துவிட்டது. இயக்கம் ஹான்ஸ் ஸ்டைன்ஹாஃப். முனிச்சில் நடந்த முதல் காட்சிக்கு ஹிட்லரே வந்திருந்தார்.

1932 ஜனவரியில் பெர்லினில் கொல்லப்பட்ட ஹெர்பர்ட் நோர்குஸ் என்ற சிறுவனை வைத்துப் பின்னிய கதை. அவன் நாஜிக் கட்சியின் இளைஞர் அமைப்பான 'ஹிட்லர் இளைஞர்' அமைப்பைச் சேர்ந்தவன். படத்தில் அவன் பெயர் ஹைனி, அச்சகத்தில் தொழில் பழகுகிற பையன். க்வெக்ஸ் என்பது பட்டப்பெயர், பாதரசத்துக்கான ஜெர்மன் சொல்லிலிருந்து வந்தது. சொன்ன வேலையைப் பாதரசம் மாதிரி ஓடிச் செய்கிறானாம்.

பிரசாரப் படம்தானே, மேடை போட்டு முழங்குவார்கள் என்று நினைத்துத்தான் உட்கார்ந்தேன். கொள்கை விளக்கமே கிடையாது! அப்பா கம்யூனிஸ்ட், வேலை இல்லாதவர். பையனைக் கம்யூனிஸ்ட் இளைஞர் முகாமுக்கு அனுப்புகிறார்கள். அங்கே குடி, கும்மாளம். அவன் இருட்டில் நழுவி மரங்களுக்கு நடுவே நடக்கிறான். அந்தப் பக்கம் ஹிட்லர் இளைஞர் முகாம். நெருப்பு, பாட்டு, ஒழுங்காக நிற்கிற பையன்கள். மறைந்து நின்று பார்த்துக்கொண்டே இருக்கிறான். அவ்வளவுதான், ஆள் பிடித்தாகிவிட்டது. தனியாக நிற்கிற பையனுக்கு ஒரு கூட்டத்தைக் காட்டினால் போதும் என்று எடுத்தவர்களுக்கு நன்றாகத் தெரிந்திருக்கிறது.

அப்புறம் வீட்டில் அம்மாவிடம் அந்தப் பாட்டைப் பாடிக் காட்டுகிறான். அப்பா காதில் விழுந்துவிடுகிறது. கம்யூனிஸ்டுகளின் பாட்டான 'சர்வதேச கீத'த்தைப் பாடச் சொல்லி அறைகிறார். பையன் அழுதுகொண்டே பாடுகிறான், அறை நிற்கவில்லை. எனக்கே அந்த அப்பாமீது கோபம் வந்தது. அப்போதுதான் சுதாரித்தேன், அட, என்னையும் இழுத்துவிட்டார்கள்!

ஆனால் அப்பாவை முழு வில்லனாக ஆக்கவில்லை. அவராக நடித்த ஹைன்ரிஷ் கெயார்கே முன்பு இடதுசாரி நாடகக்காரர்களோடு வேலை செய்தவர். கடைசியில் அவர் பாத்திரமும் மெல்ல மாறுகிறது. அரங்கில் உட்கார்ந்திருந்த கம்யூனிஸ்ட் தொழிலாளிக்கும் ஒரு கதவைத் திறந்து வைத்திருக்கிறார்கள்.

இன்றைக்கும் ஜெர்மனியில் இதை அப்படியே ஓட்ட முடியாது, முன்னால் விளக்க உரை, பின்னால் கலந்துரையாடல், இரண்டும் வேண்டும்.

எனக்கு உறுத்தியது பெயர்ப் பட்டியல்தான். கெயார்கே பெயர் இருக்கிறது, மற்றவர்கள் பெயர் இருக்கிறது. ஹைனியாக நடித்தது யூர்கன் ஓல்சன். படம் முழுக்க வருகிற அவனுக்கு மட்டும் பெயர் இல்லை. 'ஒரு ஹிட்லர் இளைஞன்' என்று போட்டிருக்கிறார்கள்.