ஏட்டுச் சுரைக்காயும் பனியை நக்கிய பசுவும்

(எங்கள் வாசகர் வட்டத்தின் ஞாயிறு மாலைக் கூட்டத்தில் பேசியது)

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, என்னை இந்த வட்டத்துக்குள் இழுத்துவிட்ட ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் ஐயா அவர்களே, விடுமுறை நாளிலும் கதவைத் திறந்துவிட்டு, சாவிக்கொத்தைக் கையில் வைத்தபடியே கடைசி வரிசையில் உட்கார்ந்திருக்கும் நூலகர் அம்மா அவர்களே, இன்னும் இரண்டு கல்யாண வரவேற்புக்குப் போக வேண்டியிருந்தும் தலையைக் காட்டியிருக்கும் வார்டு உறுப்பினர் அவர்களே (அவர் பாதியில் எழுந்து போனால் யாரும் தப்பாக நினைக்க வேண்டாம், என்னிடம் முன்கூட்டியே சொல்லிவிட்டார்), மகளிர் குழுச் சகோதரிகளே, மைக்செட் தம்பி, எல்லோருக்கும் வணக்கம். எனக்குப் பூமாலை வேண்டாம் என்று சொல்லியிருந்தேன், சால்வை போர்த்திவிட்டீர்கள். சரி, இருக்கட்டும். இந்தச் சால்வைக்கு இன்னும் கொஞ்ச நேரத்தில் ஒரு வேலை இருக்கிறது.

வாசலிலேயே ஒரு நண்பர் பிடித்துக்கொண்டார். "ஏன் சார், நம்ம ஊர்ல புராணமா இல்ல, ஐஸ்லாந்து வரைக்கும் போயிட்டீங்க? ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவுமா?" என்றார். இந்தப் பழமொழியோடு எனக்குப் பல வருடச் சண்டை என்பது இங்கே பாதிப் பேருக்குத் தெரியும். கறிக்கு உதவாது, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் தோட்டத்தில் ஒரு சுரைக்காயை மட்டும் பறிக்காமல் கொடியிலேயே முற்றவிட்டு வைப்போமே, அதுவும்தான் கறிக்கு உதவாது. அது விதைக்கு.

இன்றைக்கு மூன்று விஷயம் சொல்லப்போகிறேன். பனியும் நெருப்பும் சேர்ந்து உலகம் பிறந்த கதை ஒன்று. அப்புறம் ஐஸ்லாந்து, நார்வே பக்கத்து வடதேசத்தார் சொன்ன ஒன்பது உலகங்களும் அவற்றைத் தாங்கும் பெரிய மரமும். மூன்றாவதாக, அதே பனியும் நெருப்பும் உலகத்தை முடித்துவைக்கிற கதை.

வோலுஸ்பா என்று ஒரு பழம்பாட்டு. குறி சொல்லும் ஒரு கிழவி, தேவர்களின் தலைவனான ஓதினுக்குச் சொல்வதுபோல அமைந்தது. ஆதியில் மணல் இல்லை, கடல் இல்லை, குளிர்ந்த அலை இல்லை, கீழே மண்ணும் இல்லை மேலே வானமும் இல்லை என்று அடுக்கிக்கொண்டே வந்து, கடைசியில் புல்லும் எங்கேயும் இல்லை என்று முடிக்கிறாள். எனக்கு மிகவும் பிடித்தது அந்தப் புல்தான். வானம் இல்லை என்று சொன்ன பிறகு புல் இல்லை என்று சொல்ல என்ன அவசியம்? ஆடு மாடு வைத்துப் பிழைக்கிற ஊர்க்காரனுக்குத்தான் அது தோன்றும்.

அப்போது இருந்தது வாய் பிளந்த ஒரு பெரும் வெறுமை. கின்னுங்ககாப் என்று பெயர். அதற்கு வடக்கே நிஃப்ல்ஹெய்ம், பனிமூட்ட உலகம். தெற்கே முஸ்பெல்ஹெய்ம், நெருப்பு உலகம். வடக்கே ஹ்வெர்கெல்மிர் என்ற ஊற்றிலிருந்து பதினோரு ஆறுகள் கிளம்புகின்றன. ஊற்றை விட்டு வெகுதூரம் வந்ததும் அவற்றில் இருந்த நஞ்சு, கொல்லன் உலையிலிருந்து வழிகிற கிட்டம் இறுகுவதுபோல இறுகி, பனிக்கட்டியாகிவிடுகிறது. அதன்மேல் சாரல் விழுந்து உறைகிறது, அதன்மேல் இன்னொரு சாரல், இப்படியே அடுக்கு மேல் அடுக்காக ஏறிப் பள்ளத்தை மூடிக்கொண்டு வருகிறது. தெற்கேயிருந்து அனலும் பொறியும் வருகின்றன. இரண்டும் சந்திக்கிற நடுவிடம் எப்படி இருந்ததாம் தெரியுமா? காற்றில்லாத நாளின் வானம்போல மிதமாக இருந்ததாம். அங்கே பனி உருகிச் சொட்டுகிறது, அந்தச் சொட்டில் உயிர் வருகிறது. அப்படிப் பிறந்தவன்தான் யிமிர் என்ற முதல் அரக்கன்.

யிமிர் என்ன சாப்பிட்டான்? அதே உருகிய பனியிலிருந்து ஒரு பசுவும் வந்தது. அவுதும்லா என்று பெயர். அதன் மடியிலிருந்து நாலு ஆறாகப் பால் ஓடியது. சரி, பசு என்ன சாப்பிட்டது? புல்தான் எங்கேயும் இல்லையே! உப்புக் கரிக்கிற பனிப்பாறைகளை நக்கியது. முதல் நாள் சாயங்காலம் அது நக்கிய இடத்தில் ஒரு ஆளின் தலைமயிர் தெரிந்தது. இரண்டாம் நாள் தலை. மூன்றாம் நாள் முழு ஆளே வெளியே வந்துவிட்டான். அவன் பெயர் பூரி. சிரிக்காதீர்கள், கிழங்கோடு வருகிற பூரி இல்லை. இந்தப் பூரியின் பேரன்கள்தான் ஓதின், விலி, வே என்ற மூன்று சகோதரர்கள். மூவரும் யிமிரைக் கொன்று, அவன் உடம்பை வைத்தே உலகத்தைக் கட்டினார்கள். சதை நிலமானது, இரத்தம் கடலானது, எலும்பு மலையானது, மயிர் மரமானது. மண்டை ஓட்டைத் தூக்கி நிறுத்தி வானமாக்கி, நாலு மூலைக்கு நாலு குள்ளர்களைத் தாங்க வைத்தார்கள். மூளையை மேலே வீசினார்கள், மேகம். முஸ்பெல்ஹெய்மிலிருந்து பறந்து வந்த நெருப்புப் பொறிகளைப் பிடித்து வானத்தில் பதித்தார்கள், அவைதான் சூரியனும் சந்திரனும் நட்சத்திரங்களும்.

அந்த நெருப்பு உலகத்தின் எல்லையில் ஒருவன் காவல் இருக்கிறான், எரிகிற வாளோடு. சுர்த் என்று பெயர். சுர்த் என்றால் கறுப்பன் என்று அர்த்தம். எல்லையில் நிற்கிறான், கையில் ஆயுதம், பெயர் கறுப்பன். உங்கள் மனதில் இப்போது யார் வந்தார் என்று எனக்குத் தெரியும். நம் கருப்பசாமிக்கும் அவனுக்கும் உறவு ஒன்றும் கிடையாது, நாளைக்கு யாரும் இதை வாட்ஸ்அப்பில் போட்டு அவர்களும் தமிழர்களே என்று கிளப்பிவிட வேண்டாம். ஆனாலும் முதன்முதலில் படித்தபோது எனக்குப் புல்லரித்தது, மறைப்பானேன்.

இப்போது கதைக்குள் ஒரு கதை. கிறிஸ்துனி சாகா என்ற பழைய நூலில் வருவது. கி.பி. 1000 வாக்கில் ஐஸ்லாந்தில் பெரிய தகராறு. பாதிப் பேர் பழைய தெய்வங்கள் வேண்டும் என்கிறார்கள், பாதிப் பேர் கிறிஸ்தவம் வேண்டும் என்கிறார்கள். அவர்களுக்கு ராஜா கிடையாது. வருடத்துக்கு ஒருமுறை திங்வெட்லிர் என்ற வெட்டவெளியில் ஆல்திங் என்ற சபை கூடும், அங்கேதான் எல்லாத் தீர்ப்பும். நம் பஞ்சாயத்து மாதிரிதான், ஆலமரம் மட்டும் இல்லை. அன்றைக்கு இரண்டு கட்சியும் எதிரெதிரே நிற்கின்றன. இனிமேல் உன் சட்டம் எனக்கு இல்லை, என் சட்டம் உனக்கு இல்லை என்று பேச்சு முற்றி, கைகலப்பாகப் போகிற நேரம். அப்போது பார்த்து ஒருவன் மூச்சிரைக்க ஓடி வருகிறான். ஓல்ஃபுஸ் பக்கம் பூமி வெடித்து நெருப்பு கிளம்பிவிட்டது, ஒரு தலைவரின் பண்ணையை நோக்கி ஓடுகிறது என்கிறான். பழைய தெய்வக்காரர்களுக்கு இது போதாதா? "பார்த்தீர்களா, இப்படியெல்லாம் பேசினால் தெய்வத்துக்குக் கோபம் வராதா?" என்கிறார்கள். கூட்டம் அப்படியே அடங்கிப்போகிறது. யோசித்துப் பாருங்கள், நம் ஊரில் ஒரு பஞ்சாயத்து நடக்கும்போது கோயில் மணி தானாக அடித்தால் எப்படி இருக்கும்? அப்போது ஸ்னோரி என்ற ஒரு பெரியவர் (நான் பின்னால் சொல்லப்போகிற ஸ்னோரி வேறு, இவர் இருநூறு வருடம் முந்தி), குனிந்து காலடியைக் காட்டுகிறார். அங்கே கீழே இருப்பதெல்லாம் என்றைக்கோ வழிந்து இறுகிய எரிமலைக் குழம்பு. "நாம் இப்போது நிற்கிற இந்த இடம் எரிந்ததே, அன்றைக்குத் தெய்வங்களுக்கு எதன்மேல் கோபம்?" என்று கேட்டார். அவ்வளவுதான். ஒருவருக்கும் பதில் வரவில்லை.

கடைசியில் தீர்ப்பைத் தோர்கெய்ர் என்பவரிடம் விட்டார்கள். அவரே பழைய தெய்வக்காரர். அவர் என்ன செய்தார்? இப்போது எனக்குப் போர்த்தினீர்களே, இதுபோல ஒரு போர்வையைத் தலையோடு இழுத்து மூடிக்கொண்டு (இதோ, இப்படி) அன்று பகல் மிச்சமும் இரவு முழுவதும் ஒரு வார்த்தை பேசாமல் படுத்துவிட்டார். மறுநாள் எழுந்து வந்து, நாட்டுக்கு ஒரே சட்டம்தான், எல்லோரும் கிறிஸ்தவர்களாகிவிட வேண்டும், ஆனால் வீட்டுக்குள் யாருக்கும் தெரியாமல் பழைய தெய்வத்துக்குப் படையல் போட்டால் கண்டுகொள்ள மாட்டோம் என்றார். எனக்குத் தெரிந்து இவ்வளவு பக்குவமான தீர்ப்பை எந்தப் பஞ்சாயத்திலும் கேட்டதில்லை. தலைவர் ஐயா சிரிக்கிறார், அவருக்கும் இப்படிப் போர்த்திக்கொண்டு படுக்க ஆசை இருக்கும்.

நான் சொல்ல வந்தது இனிமேல்தான். ஊரே மதம் மாறிய பிறகு பழைய கதைகள் என்னவாக வேண்டும்? இருநூறு வருடத்தில் காற்றோடு போயிருக்க வேண்டும். போகாததற்கு ஒரு பெரிய காரணம் இரண்டாவது ஸ்னோரி, ஸ்னோரி ஸ்டர்லுசன். 1179இல் பிறந்தவர், கிறிஸ்தவர், பணக்காரர், அரசியல்வாதி, ஒன்றும் மகான் இல்லை. ஆனால் 1220 வாக்கில் உட்கார்ந்து, இளம் கவிஞர்களுக்குப் பழைய கதை தெரியாமல் போனால் பாட்டின் பொருள் எப்படிப் புரியும் என்று கவலைப்பட்டு, அத்தனையையும் எழுதிவைத்தார். ரேக்ஹோல்ட் என்ற ஊரில் அவர் குளித்த வெந்நீர்த் தொட்டி இன்றும் இருக்கிறது. வெளியே பனி, தொட்டிக்குள் பூமி தானாகச் சுடவைத்த தண்ணீர்! அதே ஊரில், அவர் வீட்டு நிலவறையிலேயே, 1241இல் நார்வே ராஜாவின் ஆட்கள் அவரை வெட்டிக் கொன்றார்கள்.

இந்தப் பனி உலகம், நிஃப்ல்ஹெய்ம், அந்தப் பெயர் வோலுஸ்பா முதலான பாட்டுகள் அடங்கிய பழம்பாட்டுத் தொகுப்பில் கிடையாது. முஸ்பெல் என்ற சொல்லாவது பாட்டில் இருக்கிறது, ஜெர்மனியில் ஒன்பதாம் நூற்றாண்டுப் பாட்டு ஒன்றிலும் அதே சொல்லின் சாயல் இருக்கிறது. நிஃப்ல்ஹெய்ம் நமக்குக் கிடைத்தது ஸ்னோரியின் ஏட்டில். அவர் எழுதாமல் விட்டிருந்தால் உலகத்தின் வடக்குப் பாதியே நமக்கு இல்லை. ஏட்டுச் சுரைக்காய் என்றவர் எங்கே? டீ சொல்லப் போய்விட்டாரா, சரி.

அந்தப் பழம்பாட்டுத் தொகுப்பும் ஒரே ஒரு தோல் சுவடியில்தான் பெரும்பாலும் பிழைத்தது. உள்ளங்கையை விடக் கொஞ்சம் பெரியது, 45 தாள். நடுவில் எட்டுத் தாள் காணோம், அதில் என்ன இருந்தது என்று இன்றுவரை அறிஞர்கள் தலையைப் பிய்த்துக்கொள்கிறார்கள். 1662இல் டென்மார்க் ராஜாவுக்குப் போய்ச் சேர்ந்தது. 1971 ஏப்ரல் 21இல் கடற்படைக் கப்பலில் திரும்பி ஐஸ்லாந்துக்கு வந்தபோது, ரெய்க்யாவிக் துறைமுகத்தில் ஆயிரக்கணக்கான ஜனம். யாரை வரவேற்க? ஒரு நடிகரையா? அழுக்கேறிய ஒரு சின்னப் புத்தகத்தை! ஆர்னி மாக்னூசன் என்பவர் ஐஸ்லாந்து முழுக்க வீடு வீடாகப் போய்ச் சுவடி சேர்த்தார். சில தாள்களைத் துணி வெட்டுவதற்கான அளவு மாதிரியாக நறுக்கியிருந்தார்கள், ஒன்று பிஷப்பின் தொப்பிக்குள் விறைப்புக்காகப் போயிருந்தது. 1728இல் கோபன்ஹேகன் பற்றி எரிந்தபோது அவர் சேர்த்ததில் ஒரு பங்கும் சாம்பலாயிற்று. நம்மவர்களும் ஆடிப்பெருக்கில் ஏடுகளை ஆற்றில் விட்டவர்கள்தான். மிச்சத்தைத் தேடி உ.வே.சா. மாட்டுவண்டியில் அலைந்ததை நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

அதனால்தான் கேட்கிறேன், நம் வட்டம் ஆரம்பித்திருக்கும் "எழுதி வையுங்கள்" வேலைக்கு ஏன் இன்னும் ஆள் வரவில்லை? இந்த ஊரில் எண்பது தாண்டிய பாட்டிகள் எத்தனை பேர் இருக்கிறார்கள்! என் அப்பத்தா கண்மாய் பிறந்த கதை சொல்வாள். ஏழு பெண்கள் மடைக்கு வந்தார்கள், ஆறு பேர் தண்ணீருக்குள் இறங்கினார்கள், ஏழாவது பெண் கரையிலேயே நின்றுவிட்டாள். ஏன் நின்றாள்? ஏதோ ஒரு காரணம் சொல்வாள், வெற்றிலையை இடித்துக்கொண்டே சொல்வாள், உரலின் சத்தம்கூட இப்போதும் காதில் இருக்கிறது, காரணம் மட்டும் ஞாபகமில்லை. பத்து வயதில் கேட்டுக்கொண்டே தூங்கிவிட்டேன். அந்த எட்டுத் தாள் மாதிரிதான், போனது போனதுதான். உங்கள் வீட்டில் சொல்கிற கதையைச் சொன்னபடியே, சொன்னவர் பெயரும் தெருவும் போட்டு எழுதிக் கொடுங்கள். எழுத்துப்பிழை பார்க்க தலைமையாசிரியர் ஐயா இருக்கிறார். ஏட்டுச் சுரைக்காய் என்று யாராவது கேலி செய்தால் என்னிடம் அனுப்புங்கள்.

ஒன்பது உலகம் சொல்கிறேன் என்றேன், தலைவர் இரண்டாவது முறை கடிகாரத்தைப் பார்த்துவிட்டார். முடிவுக் கதையை மட்டும் ஒரு வாய் சொல்லிவிடுகிறேன். முதலில் பனி. நடுவில் கோடையே இல்லாமல் மூன்று குளிர்காலம் தொடர்ந்து வரும். அப்புறம் சுர்த் தெற்கேயிருந்து கிளம்பி வந்து நெருப்பை வீசி உலகத்தையே எரித்துவிடுவான். கி.பி. 939இல் ஐஸ்லாந்தில் எல்ட்கியா என்ற எரிமலைப் பிளவு மாதக்கணக்கில் கக்கியதே, அந்த நினைவுதான் வோலுஸ்பா பாட்டில் இருக்கிறது என்று சில ஆய்வாளர்கள் சொல்கிறார்கள். இருக்கலாம். 1963 நவம்பர் 14இல் ஒரு மீன்பிடிப் படகின் சமையல்காரர் கடலில் கரும்புகையைப் பார்த்தார், ஏதோ கப்பல் எரிகிறது என்று கிட்டப் போனால் கடலடியிலிருந்து எரிமலை! அங்கே முளைத்த தீவுக்குச் சுர்த்சே என்று, நம் கறுப்பன் பெயரைத்தான் வைத்தார்கள். ஸ்னோரி எழுதி எழுநூறு வருடம் தாண்டியும் அந்தப் பெயர் அவர்கள் நாக்கு நுனியில் இருந்தது.

எரிந்த பிறகு கடலிலிருந்து பச்சையாக ஒரு பூமி எழும்பும். ஒரு ஆணும் பெண்ணும் காட்டுக்குள் ஒளிந்து, காலைப் பனித்துளியைக் குடித்துப் பிழைத்திருப்பார்கள். இந்தத் தடவை புல் இருக்கும்.

சரி, டீ வந்துவிட்டது. நோட்டு நூலகர் அம்மா மேஜையில் இருக்கிறது, பேனாவை நூல் போட்டுக் கட்டியிருக்கிறோம், போன மாதம் இரண்டு காணாமல் போயிற்று. கண்மாய்க் கதையில் அந்த ஏழாவது பெண் ஏன் இறங்கவில்லை என்று தெரிந்தவர் யாராவது இருந்தால், டம்ளரோடு அப்படியே என்னிடம் வாருங்கள்.