உக்கிராணக் கப்பல் | காரைக்குடி வ்லாக்

வணக்கம் மக்களே. காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவில் நிற்கிறேன். மணி பதினொன்றுதான், வெயில் இப்போதே மண்டையைப் பிளக்கிறது. படம் வெளுத்துத் தெரிந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். இடித்த செட்டிநாட்டு வீடுகளின் கதவு, தூண், பீங்கான் சாடி, எனாமல் தூக்குச்சட்டி எல்லாம் கடைசியில் வந்து சேரும் தெரு இது. இன்றைக்கு நான் வந்தது ஒரே ஒரு பொருளுக்காக. இதோ, கேமராவுக்குக் கிட்டே கொண்டுவருகிறேன். பித்தளை விளக்கு. தடித்த கண்ணாடி, அதைச் சுற்றிக் கம்பிக் கூண்டு, மேலே புகைபோக்கி, உள்ளே திரி. "நேவி ஆயில் கப்பலை உடைச்சப்போ வந்தது சார்" என்றார் கடைக்காரர். நாலாயிரம் கேட்டார், இரண்டாயிரத்து எண்ணூறுக்கு முடிந்தது. ஏமாந்தேனா இல்லையா என்பதை அப்புறம் சொல்கிறேன்.

ஆயில் கப்பல் என்ற வார்த்தைக்காகத்தான் வாங்கினேன். என் தாய்மாமா கடற்படையில் ஒரு டேங்கரில், அதாவது எண்ணெய்க் கப்பலில், இன்ஜின் ரூம் மெக்கானிக்காக இருந்தவர். எந்தக் கப்பல் என்று வீடியோவில் சொல்லக் கூடாது என்பது அவர் போட்ட கண்டிஷன், சரி. ஓய்வுக்குப் பிறகு கானாடுகாத்தான் பக்கம் சொந்த ஊரிலேயே இருக்கிறார். விளக்கை மடியில் வைத்துக்கொண்டு பஸ் ஏறினேன்.

இப்போது மாமா வீட்டுத் திண்ணை. பின்னால் தெரிகிற பெரிய வீடு எங்களுடையது இல்லை, எதிர்வீடு. ஒரு தெருவில் முகப்பு, அடுத்த தெருவில் பின்வாசல் என்று நீண்டு போகிற நகரத்தார் வீடு. மாமாவின் அப்பா அந்த வீட்டில் உக்கிராணம் பார்த்தவர். தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன்: உக்கிராணம் என்றால் அரிசி, பருப்பு, எண்ணெய் எல்லாம் வைத்துப் பூட்டும் சாமான் அறை. கல்யாண வீட்டில் மாப்பிள்ளையைப் பார்ப்பார்கள், சமையல்காரரைக்கூடப் பாராட்டுவார்கள், உக்கிராணத்தில் நின்று அளந்து கொடுத்தவரை யாரும் போட்டோ எடுப்பதில்லை. "எங்க அப்பா செட்டியார் வீட்டு உக்கிராணம், நான் நேவி உக்கிராணம், அவ்வளவுதான் வித்தியாசம்" என்கிறார் மாமா.

போர்க்கப்பல் வேகமாக ஓடினால் எண்ணெயைக் குடித்துத் தீர்த்துவிடும். தீர்ந்ததும் துறைமுகம் திரும்ப வேண்டும். திரும்பாமல் வாரக்கணக்கில் நடுக்கடலில் நிற்க வேண்டுமென்றால் பின்னாலேயே ஒரு உக்கிராணம் மிதந்து வர வேண்டும். அணுசக்தியில் ஓடுகிற விமானந்தாங்கிக்கும் இதில் விலக்கு இல்லை, அதன் மேல் நிற்கிற விமானங்களுக்கு எரிபொருள் வேண்டும், ஆட்களுக்குச் சோறு வேண்டும்.

இதற்கு நமக்குத் தெரிந்த உதாரணமே இருக்கிறது. எம்டன். 1914 செப்டம்பர் 22 இரவு சென்னை மேல் குண்டு வீசி, பர்மா ஆயில் கம்பெனி டாங்குகளை எரியவிட்ட ஜெர்மன் கப்பல். எங்கள் ஊர்க்காரர்கள் பலர் அப்போது பர்மாவில்தான் தொழில் செய்துகொண்டிருந்தார்கள், இங்கே வீடுகளில் அந்தச் செய்தி எப்படி இறங்கியிருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். இன்றைக்கும் கெட்டிக்காரனைப் பார்த்து "அவன் எம்டன்டா" என்கிறோம். ஆனால் எம்டன் நிலக்கரியில் ஓடிய கப்பல். அதற்கு நிலக்கரி சுமந்துகொண்டு கூடவே வந்த கப்பலின் பெயர் மார்க்கோமானியா. யாராவது யாரையாவது "அவன் மார்க்கோமானியாடா" என்று சொல்லிக் கேட்டிருக்கிறீர்களா? அந்த அக்டோபரில் சுமத்ரா பக்கம் பிரிட்டிஷ் கப்பல் ஒன்று மார்க்கோமானியாவை மூழ்கடித்தது. நவம்பர் 9-ல் இந்தியப் பெருங்கடலின் கோகோஸ் தீவில் எம்டன் கதையும் முடிந்தது. உக்கிராணம் போனதால்தான் எம்டன் போனது என்று சொல்ல மாட்டேன், பிடித்த கப்பல்களின் நிலக்கரியும் அதனிடம் இருந்தது. வரிசையை மட்டும் பாருங்கள்.

நிலக்கரி போய் எண்ணெய் வந்த பிறகுதான் இந்த வேலை சுலபமானது. மூட்டை மூட்டையாக ஏற்ற வேண்டியதைக் குழாயில் விடலாம். 1917-ல் மௌமி என்ற அமெரிக்க எண்ணெய்க் கப்பல் அட்லாண்டிக் நடுவில், ஓடிக்கொண்டே டிஸ்ட்ராயர் என்ற போர்க்கப்பல்களுக்கு எண்ணெய் கொடுத்தது. அதில் அதிகாரியாக இருந்த இளைஞர்தான் பின்னாளில் இரண்டாம் உலகப் போரில் பசிபிக் கடற்படையை நடத்திய நிமிட்ஸ்.

ஓடுகிற கப்பலிலிருந்து ஓடுகிற கப்பலுக்கு நடுக்கடலிலேயே நிரப்புகிற இந்த வேலையை மாமா 'ராஸ்' (Replenishment at Sea) என்கிறார். எப்படி நடக்கும் என்று கேட்டதும் ஆள் எழுந்து நின்றுவிட்டார்.

இரண்டு கப்பல்கள் பக்கத்தில் பக்கத்தில், நடுவில் முப்பது நாற்பது மீட்டர் இடைவெளி விட்டு, ஒரே திசையில், ஒரே வேகத்தில் போக வேண்டும். மணிக்கு இருபத்தைந்து கிலோமீட்டர் என்று வைத்துக்கொள்ளுங்கள். காரைக்குடி ரோட்டில் இரண்டு பஸ் ஒட்டி ஓட, ஜன்னல் வழியாக ஒன்றிலிருந்து இன்னொன்றுக்குக் குடம் குடமாகத் தண்ணீர் ஊற்றுகிற மாதிரி. ஆனால் இந்த பஸ்களுக்கு பிரேக் கிடையாது, ரோடும் மேலே கீழே ஆடும். முதலில் துப்பாக்கி மாதிரி ஒன்றால் மெல்லிய கயிறு சுடுவார்கள். அதைப் பிடித்து இழுத்தால் கொஞ்சம் தடித்த கயிறு, அதை இழுத்தால் இரும்புக் கம்பி வடம், அந்த வடத்தில் தொங்கிக்கொண்டு ஹோஸ். ஹோஸின் முனை எதிர்க்கப்பலின் வாயில் போய் 'டக்'கென்று உட்காரும். அந்தச் சத்தம் கேட்டால்தான் நிம்மதி என்கிறார் மாமா. அப்புறம் பம்பு ஓட ஆரம்பிக்கும். எண்ணெய் ஓடுகிற வரை சிவப்புக் கொடி ஏறியிருக்கும், தீக்குச்சி, சிகரெட் எதுவும் கூடாது.

நான் கேட்ட ஒரு கேள்வி: இடைவெளியை ஏன் இன்னும் அதிகமாக வைக்கக் கூடாது? ஹோஸ் நீளம் ஒரு காரணம். நெருங்கினால் என்ன ஆகும் என்பதுதான் பெரிய விஷயம். இரண்டு கப்பலுக்கும் நடுவில் தண்ணீர் வேகமாக ஓடும், அங்கே அழுத்தம் குறையும், இரண்டும் ஒன்றையொன்று உறிஞ்சிக்கொள்ளப் பார்க்கும். சுக்கான் பிடிப்பவர் அரை டிகிரி, ஒரு டிகிரி என்று திருப்பிக்கொண்டே மணிக்கணக்கில் நிற்க வேண்டும். தேரின் சக்கரத்துக்கு முட்டுக்கட்டை போடுகிறவர் கவனம் மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரு நொடி பராக்குப் பார்த்தால் போச்சு.

எண்ணெய் மட்டும் இல்லை. காய்கறி, முட்டை, குடிதண்ணீர், குண்டுகள், தபால். மாமாவின் காலத்தில் வீட்டுக் கடிதம் மூட்டையாகக் கம்பியில் தொங்கிக்கொண்டு அடுத்த கப்பலுக்குப் போகும். "எங்க கப்பல் வருதுன்னா மத்த கப்பல்ல எல்லாரும் டெக்குக்கு வந்துடுவான். நாங்க அழகா இருக்கோம்னு இல்ல, லெட்டர் வருதுன்னு" என்று சிரிக்கிறார். அத்தை அனுப்பிய கடிதம் ஒன்று நனைந்து மை கரைந்து வந்ததாம். என்ன எழுதியிருந்தாய் என்று நாற்பது வருடமாகக் கேட்கிறார், அத்தை சொல்லவில்லை.

சரி, இந்தக் கப்பலின் ஆயுளுக்கு வருகிறேன். இந்தியக் கடற்படையின் பெரிய டேங்கர்கள் என்றால் முதலில் ஐஎன்எஸ் தீபக், 1967. அடுத்தது ஐஎன்எஸ் சக்தி, 1976. இரண்டும் ஜெர்மனியில் பிரெமர் வல்கன் என்ற கப்பல் கட்டும் தளத்தில் பிறந்தவை. தீபக் 1996-ல் ஓய்வு. சக்தி 2007 வரை ஓடியது. பிரெமர் வல்கன் 1996-ல் நொடித்து 1997-ல் மூடிவிட்டது. தன்னைப் பெற்ற பட்டறையே செத்துப்போன பிறகும் பத்து வருடம் கடலில் உழைத்த கப்பல் சக்தி. உதிரி பாகம் கேட்டுக் கடிதம் எழுதினால் பதில் போட அங்கே ஆள் இருந்திருக்காது.

முப்பது வருடம் என்பது ஒரு டேங்கருக்கு நீண்ட ஆயுள். வியாபார டேங்கர்கள் பெரும்பாலும் இருபது, இருபத்தைந்திலேயே உடைக்கப் போய்விடும். டேங்கரைக் கொல்வது பீரங்கி இல்லை, துரு. எண்ணெய் கொடுத்துக் காலியான கப்பல் லேசாகி மேலே எழும்பும், தள்ளாடும். அதைச் சமன் செய்யக் கடல்நீரை ஏற்றுவார்கள். உப்புத் தண்ணீர் வருவதும் போவதுமாக இருந்தால் இரும்பு என்ன ஆகும்? "கப்பல்ல எங்களுக்குப் பாதி வாழ்க்கை சிப்பிங்லயே போச்சு" என்கிறார் மாமா. சுத்தியலால் துருவைத் தட்டி உதிர்த்து, பெயின்ட் அடிப்பது. டாங்குக்குள் இறங்குவதற்கு முன்னால் உள்ளே வாயு இல்லை என்று சோதித்து எழுதித் தர வேண்டும். அதற்கப்புறம் ஏணி வழியாக இறங்கினால் பெரிய குதிருக்குள் இறங்கின மாதிரி இருட்டு, பேசினால் குரல் நம்மையே சுற்றி வரும்.

இன்னொரு விஷயம், இதை நான் யோசித்ததே இல்லை. டேங்கர் தன் வேலையை மட்டும் பார்த்தால் போதாது, மற்ற கப்பல்கள் குடிக்கிற பானம் மாறினால் இதுவும் மாற வேண்டும். மாமா சேர்ந்த காலத்தில் போர்க்கப்பல்கள் நிறைய நீராவியில் ஓடின. அவற்றுக்குக் கறுப்பு பர்னஸ் ஆயில். குளிர்ந்தால் வெல்லப்பாகு மாதிரி கெட்டியாகிவிடும், டாங்கில் நீராவிக் குழாய் விட்டுச் சூடாக்கினால்தான் பம்பில் ஏறும். அந்தச் சூடு வைக்கிற வேலைதான் மாமாவுடையது. கொதிகலனுக்குச் சுத்தமான தண்ணீரும் தனியாகக் கொடுக்க வேண்டும். அப்புறம் கேஸ் டர்பைன் வந்தது, டீசல் கேட்டது. ஹெலிகாப்டருக்கு வேறு எண்ணெய். ஒரே உக்கிராணம், பந்திக்குப் பந்தி வேறு சாப்பாடு.

சக்தியின் கடைசிக் காலத்துக்கு முன் ஒரு பயணம் இருக்கிறது, இந்த வீடியோவை எடுக்க எனக்கு அதுவே முக்கியக் காரணம். 2006 ஜூலை. மத்தியதரைக் கடல் சுற்றுப்பயணம் முடிந்து நம் கப்பல்கள் ஊர் திரும்பிக்கொண்டிருந்தன. லெபனானில் போர் மூண்டது. மும்பை, பிரம்மபுத்ரா, பேட்வா என்ற மூன்று போர்க்கப்பல்களும் கூடவே சக்தியும் திரும்பிப் போயின. பெய்ரூட்டிலிருந்து இந்தியர்களையும், இலங்கை, நேபாள நாட்டவரையும் ஏற்றி சைப்ரஸில் லார்னகாவுக்குக் கொண்டுசேர்த்தார்கள். ஆபரேஷன் சுகூன் என்று பெயர். அதைப் பற்றிப் படித்தால் மூன்று போர்க்கப்பல்கள்தான் பெரிதாக வரும், டேங்கர் நாலாவது பெயராகக் கடைசியில் வரும். திடீரென்று திரும்பு என்றால் திரும்ப முடிந்ததற்குக் காரணம் பக்கத்திலேயே எண்ணெய் இருந்ததுதான். அப்போது சக்திக்கு முப்பது வயது. அடுத்த வருடம் ஓய்வு.

ஓய்வு நாள் எப்படி இருக்கும்? சூரியன் மறைகிற நேரம் கொடியைக் கடைசியாக இறக்குவார்கள். கப்பல் படையில் சேர்ந்த நாளிலிருந்து பாய்மரத்தில் பறக்கிற நீளமான ஒரு கொடியும் உண்டு, அதையும் இறக்குவார்கள். மாமா பேச்சை நிறுத்திவிட்டுத் துண்டால் மூக்கைத் துடைத்தார். அதை நான் எடிட்டில் வெட்டிவிட்டேன்.

கொடி இறங்கிய பிறகு பெரும்பாலும் ஏலம்தான். குஜராத்தில் ஆலங் கடற்கரை இருக்கிறது, பெரிய ஓதத்தில் கப்பலைக் கரையேற்றிப் பிரித்துவிடுவார்கள். காலையில் நான் நின்ற தெருவும் அதே கதைதான் மக்களே. ரங்கூனிலிருந்து கப்பலேறி வந்த தேக்கு, நூறு வருடம் வளவில், அதாவது வீட்டு உள்முற்றத்தில், தூணாக நின்றுவிட்டு, இப்போது விலைச்சீட்டோடு சாய்ந்துகிடக்கிறது.

ஆனால் நம் ஊரில் தாத்தா பெயரைப் பேரனுக்கு வைப்பார்கள் இல்லையா, கடற்படையும் அதையே செய்கிறது. 2011-ல் இத்தாலியில் கட்டி வந்த இரண்டு டேங்கர்களுக்கும் தீபக், சக்தி என்றே பெயர். புது சக்தியின் பக்கத்தில் எழுதியிருக்கும் எண்ணும் பழைய ஏ57. நீளம் 175 மீட்டர். எதிர்வீட்டைப் போல இரண்டு மூன்று வீடுகளை வரிசையாக அடுக்கினால் வரும். எரிபொருள், தண்ணீர் என்று திரவமாக மட்டும் 15,000 டன்னுக்கு மேல் கொள்ளும். நம் ரோட்டில் போகிற 12,000 லிட்டர் டேங்கர் லாரி என்றால் ஏறக்குறைய ஆயிரத்து ஐந்நூறு வேண்டும். ஒரே நேரத்தில் நாலு கப்பலுக்கு ஊற்றலாம். உடம்புக்கு இரட்டைச் சுவர், முட்டினாலும் எண்ணெய் சட்டென்று கடலில் கொட்டாது. பழைய ஜோடிக்கும் புது ஜோடிக்கும் நடுவில் வந்த டேங்கர்கள் இரண்டு: ஜோதி ரஷ்யாவில் கட்டியது, 1996. ஆதித்யா கொல்கத்தாவில் கட்டியது, 2000. பழைய சக்தி போய்ப் புது தீபக் வருகிற வரை மூன்று வருடத்துக்கு மேல் இந்த இரண்டுதான் முழுப் படைக்கும் ஊற்றின. அடுத்து விசாகப்பட்டினம் கப்பல் கட்டும் தளத்துக்கு 2023-ல் இதே வேலைக்கான ஐந்து கப்பல்களுக்கு ஆர்டர், ஒவ்வொன்றும் 44,000 டன். அதில் இரண்டைக் கட்டுவது நம் சென்னைக்கு வடக்கே காட்டுப்பள்ளியில். மாமாவுக்கு அதில் ஒன்றையாவது போய்ப் பார்க்க வேண்டுமாம்.

இப்போது விளக்கு. நீட்டியதும் மாமா திருப்பித் திருப்பிப் பார்த்தார். திரியைப் பார்த்ததும் சிரிப்பு. "மாப்பிள்ளை, டெக்குல தீக்குச்சி வச்சிருந்தாலே எங்களைத் தொலைச்சிடுவான். எண்ணெய்க் கப்பல்ல திரி விளக்கா? இது ஏதோ சரக்குப் படகு விளக்கு." ஆக, இரண்டாயிரத்து எண்ணூறு ரூபாய் போனது போனதுதான். ஆனால் பித்தளை கனமானது, அழகாக இருக்கிறது, திண்ணை உத்தரத்தில் தொங்கவிட்டாயிற்று.

ஏற்றிப் பார்க்கலாம் என்றேன். அத்தை உள்ளே போய்த் தேடிவிட்டு வந்து வீட்டில் ஒரு சொட்டு மண்ணெண்ணெய் இல்லை என்றார். மாமா என்னைப் பார்க்கவில்லை. ஒரு பாட்டிலை எடுத்துக்கொண்டு எதிர்வீட்டு வாட்ச்மேனிடம் கேட்கப் போயிருக்கிறார். அவர் வரட்டும், கேமராவை ஆஃப் பண்ணாமல் வைத்திருக்கிறேன்.